காருக்குள் நான் சொன்ன ஒரு ‘ம்’

அன்புள்ள சகலை அவர்களுக்கு,

உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல், மூக்குக்கண்ணாடிக் கடையில் வியாபாரத்துக்கும் குறைவில்லாமல் இருக்கிறீர்கள் என்று நம்புகிறேன். இங்கே அனைவரும் நலம் என்று எழுதத்தான் பேனாவைத் திறந்தேன். திறந்த பிறகு, முதல் வரியே பொய்யா என்று உறுத்தியது. ஆகவே உள்ளதை எழுதுகிறேன்: என் ரத்த அழுத்தம் நலம், முழங்கால் நலம், வீடு நலமில்லை. இதை உங்கள் வீட்டுக்கு அனுப்பாமல் கடை முகவரிக்கு அனுப்பும் காரணம் போகப் போகப் புரியும். போனில் சொல்லியிருக்கலாமே என்பீர்கள். தயவுசெய்து என்னிடம் போன் பேச்சையே எடுக்காதீர்கள். வந்த வினையெல்லாம் அதனால்தான். அதைக் காரோடு இணைக்கச் சொன்ன உங்களால்தான்.

போன தடவை வந்தபோது என் கார்க் கதவில் சாய்ந்துகொண்டு, “இன்னுமா போன் வந்தா வண்டியை ஓரம் கட்டுறீங்க? புளூடூத்ல கனெக்ட் பண்ணிடுங்க, ரெண்டு நிமிஷ வேலை” என்று சொல்லிவிட்டுப் போனீர்கள். உங்கள் இரண்டு நிமிடத்தில் என் ஒரு காலைப்பொழுது முழுதும் கரைந்தது. போனில் தேடச் சொன்னால், அது நான் உட்கார்ந்திருக்கிற காரைத் தவிர அக்கம்பக்கத்தில் உள்ள எல்லாவற்றையும் கண்டுபிடித்தது. எதிர்வீட்டு டிவி, யாரோ ஒருவருடைய காது கேட்கும் கருவி, மாடியில் இருக்கும் பல் டாக்டரின் ஸ்பீக்கர். இதில் நான் எதைத் தொட்டேனோ, சரிபார்ப்பதற்காக நான் போட்ட வெள்ளச் செய்தி முழுவதும் மாடியில் வாயைத் திறந்தபடி படுத்திருந்த ஒரு நோயாளிக்குக் கேட்டிருக்கிறது. டாக்டர் பால்கனிக்கு வந்து, “சார், உங்க நியூஸைக் கொஞ்சம் நிறுத்துங்க, பேஷண்ட் தலையைத் தலையைத் திருப்புறாரு” என்று கத்தினார். ஒருவழியாகக் கார் அகப்பட்டது. உடனே காரில் ஒரு நம்பர், போனில் ஒரு நம்பர், இரண்டும் ஒன்றுதானா என்று ஒரு கேள்வி. நான் உத்தியோகம் பார்த்தது லிஃப்ட் சோதனையில் என்பது உங்களுக்குத் தெரியும். என் கையெழுத்து இல்லாமல் இந்த ஊரில் ஒரு லிஃப்டும் மேலே போனதில்லை. பார்க்காமல் ‘ஆம்’ போடுகிற ஆள் நான் இல்லை. ஆனால் தூரத்துக் கண்ணாடியைக் கழற்றி, கிட்டத்துக் கண்ணாடியைத் தேடி மாட்டி, முதல் இரண்டு எண்ணைப் படிப்பதற்குள் நம்பர் மறைந்துவிடுகிறது. மறுபடி முயன்றால் வேறு நம்பர். கடைசியில் மனசாட்சியை ஓரமாக உட்காரவைத்துவிட்டு அழுத்தினேன். “இணைக்கப்பட்டது” என்றது கார். நானும் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு இறங்கினேன். இணைந்தது என் போன் அல்ல, என் மனைவியின் போன். இருவருக்கும் ஒரே மாதிரி போன், ஒரே கறுப்பு உறை, திறக்கிற எண்கூட ஒன்றுதான். தனித்தனியாக வைத்தால் நான் மறந்துவிடுவேன் என்று அவள் செய்த ஏற்பாடு.

இனிமேல்தான் விஷயமே இருக்கிறது. கார் நிற்பது எங்கள் சமையலறை ஜன்னலுக்கு வெளியே. பேட்டரி படுத்துவிடக்கூடாது என்று தினமும் காலையில் வண்டியைக் கொஞ்ச நேரம் ஓடவிடுவேன். அந்த நேரத்தில்தான் உங்கள் வீட்டம்மா அக்காவுக்குப் போன் செய்வதும். கோபித்துக்கொள்ளாதீர்கள், உங்களுக்குத் தெரியாததா, அவள் மூச்சுவிடாமல் பேசுகிறவள். என் மனைவி போனை ஸ்பீக்கரில் போட்டு அலமாரியில் வைத்துவிட்டு, பாத்திரம் கழுவிக்கொண்டே, தன் முறை வரும்வரை இடையிடையே ‘ம்’ என்பாள். இணைத்த மறுநாள் நான் சாவியைத் திருகியதும் பேச்சு அங்கிருந்து கிளம்பிக் காருக்குள் வந்துவிட்டது. உள்ளே இருந்தவளோ, “இன்னிக்கு என்ன, சீக்கிரமே வச்சிட்டாளே” என்று நினைத்துக்கொண்டு குழாயைத் திறந்துவிட்டிருக்கிறாள். எனக்கு முன்னால் இருந்த பெட்டியிலிருந்து உங்கள் வீட்டம்மாவின் குரல் கணீரென்று வருகிறது: “அத்தானுக்கு இனிமே எதுக்குக்கா காரு? மார்க்கெட்டுக்கும் ஆஸ்பத்திரிக்கும் போயிட்டு வரத்தானே? போன மாசம் எங்க கேட்டை இடிச்சாரே, பாத்தேல்ல? கண்ணு சுத்தமா சரியில்லன்னு எங்க வீட்டுக்காரரே சொல்றாரு. எங்க பாப்பா பாவம், வேலைக்கு ரெண்டு பஸ் மாறிப் போறா. வண்டியை அவளுக்குக் குடுத்துட்டா என்ன?”

சகலை, நான் கேட்டை இடித்தபோது போட்டிருந்தது நீங்கள் அளவெடுத்து, நீங்களே மாட்டிவிட்ட கண்ணாடி. கண் சரியில்லை என்றால் கேள்வி யாரைப் பார்த்து வரவேண்டும்? அதை அப்புறம் பேசுவோம். அப்போதைக்கு நான் செய்ய நினைத்ததெல்லாம் அந்தக் குரலை நிறுத்துவது. ஒரு குமிழைத் திருகினேன், குரல் இரண்டு மடங்கானது. ஒரு பட்டனை அழுத்தினேன், வைப்பர் ஆட ஆரம்பித்தது. இன்னொன்றை அழுத்தினேன், கண்ணாடியில் தண்ணீர் பீய்ச்சியது. அதற்குள் அவள், “என்னக்கா, சத்தத்தையே காணோம்? சரிதானே நான் சொல்றது? அக்கா, இருக்கியா?” என்று கேட்டாள். நான் என்ன செய்ய? ‘நான் அக்கா இல்லை, அத்தான்’ என்று சொன்னால், இவ்வளவு நேரம் ஒட்டுக்கேட்டவன் ஆவேன். பதிலே சொல்லாவிட்டால் அக்காவுக்கு என்னவோ ஏதோ என்று ஆட்டோ பிடித்து வந்துவிடுவாள். பதறிப்போய், தொண்டையை ஒடுக்கிக்கொண்டு, “ம்” என்றேன். “அதானே! நீ மாட்டேன்னா சொல்லுவே!” என்று அவள் சந்தோஷமாக வைத்துவிட்டாள். வைப்பர் மட்டும் ஆடிக்கொண்டிருந்தது.

மறுநாள் பயத்தில் நான் வண்டியைக் கிளப்பவில்லை. அவள் கூப்பிட்டு, “பாப்பா ஞாயித்துக்கிழமை வந்து வண்டியை எடுத்துக்குவா” என்றிருக்கிறாள். “எந்த வண்டியை?” என்று என் மனைவி. “நேத்து நீதானே சரின்னே?” “நான் எப்படி சரின்னேன்? அவரைக் கேக்காம அவரு வண்டியைத் தூக்கிக் குடுக்க எனக்கென்ன பைத்தியமா?” “அப்ப நான் பொய் சொல்றேனா?” “நீ சின்ன வயசுலேர்ந்தே இப்படித்தான்!” இந்த ‘சின்ன வயசு’ வந்த பிறகு பேச்சு எங்கெல்லாம் போயிருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. பாவாடை கிழிந்த கதையிலிருந்து யார் கல்யாணத்தில் யார் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டார்கள் என்பது வரை எல்லாம் வந்து, இருவரும் போனை வைத்தார்கள். அன்றோடு பேச்சு நின்றது.

உங்கள் வீட்டு நிலைமை தெரியாது. இங்கே, வழக்கமாகத் தங்கைக்குப் போகிற சரக்கு முழுவதும் எனக்கு வந்து இறங்குகிறது. பேப்பரைப் பிரித்தால் பேச்சு, குளியலறைக் கதவுக்கு வெளியேயும் பேச்சு. அதைக்கூடத் தாங்கிக்கொள்வேன். ஆனால் அந்த நேரம் வந்ததும் அவள் கையைத் துடைத்துக்கொண்டு போனை எடுத்துப் பார்க்கிறாள், மறுபடி அலமாரியில் வைத்துவிடுகிறாள். “நான் சொல்லவே இல்லைங்க, என் வாயால அப்படி வருமா?” என்று என்னையே கேட்கிறாள். என்னையே! ‘சொன்னது நான்’ என்று வாய்வரை வருகிறது, தைரியம் வரவில்லை.

ஆகவே ஒரு உபகாரம். சிக்னல் குறைந்தால் போன் தானாகவே ‘ம்’ என்று ஒரு சத்தம் போடும் என்று நீங்கள் எங்கேயோ படித்ததாக உங்கள் வீட்டம்மாவிடம் சொல்லுங்கள். விஞ்ஞானமாகச் சொன்னால் நம்புவாள். நானும் இங்கே அதையே சொல்கிறேன். இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் இறங்கினால்தான் சகோதரிகள் மனசு இறங்கும். காரை இதில் இழுக்காதீர்கள். கார் என்னுடையது, நான் உயிரோடு இருக்கும்வரை அதை நான்தான் ஓட்டுவேன். கேட் விஷயத்தில், அதை வெளிப்பக்கம் திறக்கும்படி வைத்தது யார் தப்பு என்று நீங்களே யோசித்துப் பாருங்கள்.

உங்களுக்கும் பாப்பாவுக்கும் என் ஆசிகள். பாப்பா வேலையில் மேன்மேலும் உயரட்டும். உங்கள் வீட்டம்மாவுக்கு என் அன்பைச் சொல்ல ஆசைதான், ஆனால் இந்தக் கடிதம் வந்ததே அவளுக்குத் தெரியக்கூடாது. படித்ததும் கிழித்துவிடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மூத்த சகலை

பின்குறிப்பு: மேலே கேட்ட எதையும் செய்ய வேண்டாம், கிழிக்கவும் வேண்டாம். வீட்டுக்குள் எழுதினால் என் மனைவி பார்த்துவிடுவாள் என்று காரில் உட்கார்ந்துதான் இதை எழுதினேன். வியர்வை சொட்டி மை கலைந்ததால், கையெழுத்துப் போட்டதும் ஏசிக்காக வண்டியைக் கிளப்பிவிட்டு, சோதனை அறிக்கையை வாய்விட்டுப் படித்துப் பார்க்கும் உத்தியோகப் பழக்கத்தில், முதல் வரியிலிருந்து சத்தமாகப் படித்தேன். முடித்துப் பேனாவை மூடும்போது கார் பேசியது: “அத்தான், ‘மூச்சுவிடாமல்’னு ஒரு இடத்துல வருதே, அதை அடிச்சிடுங்க. மத்ததெல்லாம் சரியாத்தான் இருக்கு.”

மனசு கேட்காமல் என் மனைவிதான் தங்கையைக் கூப்பிட்டிருக்கிறாள். எடுத்தவள், அக்காவே முதலில் பேசட்டும் என்று வாயைத் திறக்கவில்லை. கூப்பிட்டவளுக்கும் வாய் வரவில்லை. இருவரும் போனைக் காதில் வைத்துக்கொண்டு ரோஷமாக நின்ற நேரத்தில்தான் நான் சாவியைத் திருகியிருக்கிறேன். போனை உதறிக்கொண்டே வெளியே வந்த என் மனைவி, தங்கையின் குரல் காருக்குள்ளிருந்து வருவதைக் கேட்டு அப்படியே நின்றுவிட்டாள். “அக்கா, நீ சொல்லலையாம். ‘ம்’ சொன்னது அத்தானாம்!” என்றாள் உங்கள் வீட்டம்மா. என் மனைவி குனிந்து ஜன்னல் வழியாக என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! பிறகு சிரித்தாள். அந்தப் பக்கம் அவளும் சிரித்தாள். கார் அதிர இருவரும் சிரித்தார்கள். அதைக் கேட்ட பிறகு எனக்கு வண்டி பெரிதாகத் தெரியவில்லை. கொஞ்சம் தெரிந்தது.

“அப்ப தகராறே இல்லையேக்கா” என்றாள் உங்கள் வீட்டம்மா, “நீ சொன்னாத்தானே தப்பு? வண்டிக்காரரே சரின்னு சொல்லியிருக்காரே!”

“அதானே. நீங்க சொன்னீங்களா இல்லையாங்க?” என்றாள் என் மனைவி, என் மடியில் கிடந்த இந்தக் கடிதத்தையும் கீழே இருக்கிற கையெழுத்தையும் பார்த்துக்கொண்டே.

இந்தத் தடவை வாயைத் திறந்தே “சரி” என்றேன். பாப்பா ஞாயிற்றுக்கிழமை வரட்டும். வண்டியைச் சாவியோடு ஒப்படைத்துவிடுகிறேன். அதிலிருந்து என் மனைவியின் போனை எப்படிப் பிரிப்பது என்று மட்டும் எனக்குத் தெரியாது, அதைப் பாப்பாவே பார்த்துக்கொள்ளட்டும்.