கோட்டுக்குக் கீழே வாழ்பவர்

மனிதர்களில் விரல்காரர் என்று ஓர் இனம் உண்டு. நாள்காட்டி தொங்கவேண்டிய ஆணியில் கரைதிறன் வரைபடம் தொங்குகிறதா? அந்த வீட்டில் அப்படி ஒருவர் வசிக்கிறார் என்று பொருள். ஏதாவது கேட்டுப் பாருங்கள். மூக்குக்கண்ணாடி ஏறும், ஆள்காட்டி விரல் அடியிலுள்ள வெப்பநிலையில் உட்காரும், நேரே மேலே போகும், வளைகோட்டில் முட்டும், சட்டென்று இடதுபக்கம் திரும்பி, நூறு கிராம் நீரில் எத்தனை கிராம் கரையும் என்ற எண்ணில் போய் நிற்கும். பிறகு தீர்ப்பு வரும்: "கோட்டுக்குக் கீழதான் இருக்கோம், எல்லாம் கரைஞ்சிரும். பயப்படாதே."

நீங்கள் கேட்டது மழை வருமா என்பதாக இருக்கலாம். அதனால் என்ன?

எனக்கு வாய்த்த விரல்காரர் என் அக்காவின் கணவர். மருந்துக் கம்பெனியில் இருமல் மருந்து கலக்கும் பிரிவின் மேற்பார்வையாளர். அங்கே புட்டியின் அடியில் ஒரு துகள் தெரிந்தாலும் அன்றைய சரக்கு மொத்தமும் சாக்கடைக்குப் போகும். அந்தப் பயம் அத்தானை வீடுவரை துரத்திக்கொண்டு வந்துவிட்டது. காபித் தம்ளரின் அடியில் சர்க்கரை தங்கினால் முகம் வெளுத்துவிடும்.

"இருபது டிகிரியிலயே இருநூறு கிராம் கரையணும். இந்தக் காபி எத்தனை டிகிரி?"

"நீங்க வரைபடம் பாத்துட்டு வர்றதுக்குள்ள ஆறிப்போன டிகிரி," என்பாள் அக்கா.

நான் நான்கு நாள் தங்க வந்தபோதுகூட விரல் சுவருக்குப் போனது. வெயில் காலமானதால் இன்னும் இரண்டு பேரை வீடு தாங்குமாம்.

இந்த லட்சணத்தில் அவருடைய மகளுக்குப் பள்ளியில் அறிவியல் கண்காட்சி வந்தது. அவள் வெந்நீரில் படிகாரத்தைக் கரைத்தாள், ஆறவிட்டாள், ஒரு சிறு துணுக்கை நூலில் கட்டி ஜாடிக்குள் தொங்கவிட்டாள். சூட்டில் நிறையக் கரையும், ஆறினால் மிச்சம் வெளியே வந்துவிடும் என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததே அத்தான்தான். நன்றாகவே சொல்லிக்கொடுத்தார். ஜாடி அதிரும் என்று பதினோரு நாள் வீட்டில் மிக்ஸி ஓடவில்லை. துணுக்கு கோலிக்குண்டு அளவுக்கு, எட்டு முகத்தோடு, கண்ணாடிபோல வளர்ந்து நின்றது. பரிசு தனக்குத்தான் என்று தோழிகளிடமெல்லாம் சொல்லிவைத்திருந்தாள்.

கண்காட்சி நாள் காலை. அவள் தலைபின்னிக்கொண்டிருந்தாள். அத்தான் ஜாடியைப் பார்த்தார். கரைசலுக்குள் கட்டி! விரல் சுவரில் ஏறியது, முட்டியது, திரும்பியது. அடுத்த நிமிடம் ஜாடி வெந்நீர்ச் சட்டிக்குள் இருந்தது, அவர் கையில் கரண்டி இருந்தது.

"பாப்பா, ஓடி வா! காப்பாத்திட்டேன்!"

அவள் ஒற்றைப் பின்னலோடு ஓடிவந்தாள். வெறும் நூலைப் பார்த்தாள். "எங்கப்பா அது?"

"கரைஞ்சிருச்சு! ஒரு துகள் இல்ல!"

குழந்தை அழவில்லை. பதினோரு நாள், ஐயா! அவள் ஜாடியை எடுத்துக்கொண்டாள். சுவரிலிருந்த வரைபடத்தையும் கழற்றிக்கொண்டாள்.

கண்காட்சிக் கூடத்தில் ஜாடியின் முன்னால் அவள் ஓர் அட்டை வைத்தாள்: "பதினோரு நாள் வளர்ந்த படிகம். இதற்குள்தான் இருக்கிறது. கரைத்தவர் பக்கத்தில் நிற்கிறார்." எல்லோரும் ஜாடியை ஒரு பார்வையும் அத்தானை ஒன்பது பார்வையும் பார்த்துவிட்டுப் போனார்கள்.

மதியத்துக்குள் ஜாடி நன்றாக ஆறிவிட்டது. பரிசுக்கு மதிப்பெண் போடும் ஆசிரியை குனிந்து பார்த்த நேரத்தில், அடியில் பொடிப் பொடியாக ஏதோ மின்னத் தொடங்கியது.

"ஐயய்யோ, வண்டல்! இங்க அடுப்பு எங்க இருக்கு?" என்று அத்தான் ஜாடிமேல் பாய்ந்தார்.

மகள் குறுக்கே நின்றாள். வரைபடத்தில் தன் சின்ன விரலை அறுபது டிகிரியில் வைத்து, வளைகோடுவரை ஏற்றி, அங்கிருந்து சூடு குறையும் இடதுபக்கம் நேராக நகர்த்தி, கோட்டுக்கு மேலே வெறும் இடத்தில் நிறுத்தினாள்.

"இங்க வந்தாதான்ப்பா படிகம் வரும். கோட்டுக்குக் கீழயே இருந்தா ஒண்ணுமே வளராது."

ஆசிரியை மதிப்பெண் போட்டார். அத்தான் கண்ணாடியைக் கழற்றினார். வாழ்க்கையில் முதல் தடவையாக வரைபடத்தை விட்டுவிட்டு ஜாடியைப் பார்த்தார். ஒரு முழு நிமிடம் பார்த்தார். பிறகு மெதுவாக என் காதில், "எத்தனை கிராம் விழுந்திருக்கும்?" என்றார்.

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள். ஆனால் அவள் எத்தனை கிராம் படிகாரம் போட்டாள் என்று நான் சொல்லவே இல்லையே என்பது உங்களை நடுவில் எங்காவது உறுத்தியதா? அப்படியானால் நீங்களும் அந்த இனம்தான்; வீட்டில் குழந்தைகளின் ஜாடிகளைக் கொஞ்சம் உயரத்தில் வைக்கச் சொல்லுங்கள்.