செயலாளருக்குக் காது கேட்காது

"ஏங்க, காபி!"

கண்ணாயிரம் சட்டென்று திரும்பினார். எதிரே உட்கார்ந்திருந்த மைத்துனன் ரமேஷ் தலையில் அடித்துக்கொண்டான்.

"மாமா, உங்களுக்குக் காது கேக்காது. அக்கா கூப்ட்டா திரும்பக் கூடாது. காலைலேர்ந்து எத்தினி வாட்டி சொல்லிகினு கீறேன்!"

"காபி ஆறிப்பூடும்டா."

"ஆறட்டும். பதவி பூட்டா பரவால்லியா?"

பதவி என்றால், கடலோர மாற்றுத்திறன் விளையாட்டுச் சங்கத்தின் செயலாளர் பதவி. கண்ணாயிரம் அந்த நாற்காலியில் பசை போட்டு ஒட்டிக்கொண்டு பல வருடங்கள் ஆகின்றன. கை, கால், கண், காது எதிலும் அவருக்குக் குறையில்லை. வெட்கம்தான் கொஞ்சமும் கிடையாது.

முட்டுக்காடு ஜெனிட்டா சக்கர நாற்காலியில் அமர்ந்து குண்டு எறிகிறவள். போன வருடம் மாவட்டத்தில் முதலாவதாக வந்தும் அவள் தேசியப் போட்டிக்குப் போகவில்லை. அவள் பேரை அடித்துவிட்டு, அந்த இடத்தில் 'அணி மேலாளர்' என்று ரமேஷ் போய்வந்தான், பெண்டாட்டி பிள்ளைகளோடு. மைதானத்தின் பக்கம்கூட அவன் எட்டிப் பார்க்கவில்லை.

ஜெனிட்டா கோர்ட்டுக்குப் போனாள். ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் முன்னிலையில் சங்கத் தேர்தல் நடக்க வேண்டும், செயலாளர் ஒரு மாற்றுத்திறனாளியாக இருக்க வேண்டும் என்று கோர்ட் சொல்லிவிட்டது.

மானமுள்ளவனாக இருந்தால் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பியிருப்பான். கண்ணாயிரம் காது கேட்காதவராகிவிட்டார்! யாரையோ பிடித்து ரமேஷ் சான்றிதழும் வாங்கிவந்தான். இந்த வருட அணியையும் செயலாளர்தான் தேர்ந்தெடுப்பார். மறுபடி இவரே வந்தால், ஜெனிட்டா இந்த வருடமும் வீட்டில் உட்கார்ந்து டிவியில் பார்க்க வேண்டியதுதான்.

தேர்தல் மாமல்லபுரத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில். பக்கத்துச் சிற்பக்கூடத்தில் கல் அறுக்கும் இயந்திரம் அலறிக்கொண்டிருந்தது.

"டேய், அந்தச் சத்தத்த நிறுத்தச் சொல்லுடா! மண்ட இடிக்குது!" என்றார் கண்ணாயிரம்.

மண்டபம் மொத்தமும் அவரைத் திரும்பிப் பார்த்தது.

"அது... தரை அதிர்றது மாமாவுக்குக் கால்ல தெரியும்" என்று சமாளித்தான் ரமேஷ். பிறகு அவரை ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனான். "இனிமே வாயே தொறக்காத மாமா. எவன் இன்னா சொன்னாலும் சிரிச்சிகினே தலைய ஆட்டு."

ஜெனிட்டா பக்கத்திலிருந்த ஓட்டக்காரன் ஆல்வினிடம் விரல்களால் என்னவோ சொன்னாள். ஆல்வினுக்குப் பிறவியிலேயே காது கேட்காது. அவன் கண்ணாயிரத்தை ஏற இறங்கப் பார்த்தான்.

ரமேஷின் யோசனை நிலைமையை இன்னும் மோசமாக்கியது. செயலாளருக்குத்தான் கேட்காதே என்று எல்லோரும் அவர் முகத்துக்கு நேராகவே பேச ஆரம்பித்தார்கள்.

"மூஞ்சியப் பாரு, திருட்டு மூஞ்சி! என் எடத்துல மச்சான ஊர் சுத்த அனுப்புன ஆளு" என்றாள் ஜெனிட்டா.

கண்ணாயிரம் சிரித்துக்கொண்டே தலையாட்டினார்.

"ஸ்பான்சர் குடுத்த ஷூவ எல்லாம் வூட்டுக்குத் தூக்கினு பூட்டாரு. அவரு புள்ள போட்டுகினு சுத்துறான்" என்றான் ஒற்றைக் கையால் ஈட்டி எறியும் ஹேமந்த்.

அதற்கும் தலையாட்டினார். காது மட்டும் மிளகாய்ப்பழமாகச் சிவந்தது.

நீதிபதி சாராள் வந்தார். கூடவே ஓர் இளம்பெண்.

"செயலாளருக்குக் காது கேக்காதுன்னு சான்றிதழ் குடுத்திருக்கீங்க. அதனால சைகை மொழிபெயர்க்க சிநேகாவைக் கூட்டிட்டு வந்திருக்கேன். சட்டப்படி அது அவரோட உரிமை."

ஆல்வினுக்கு வயிறு எரியாமல் என்ன செய்யும்? இத்தனை வருடமாக அவன் ஒவ்வொரு கூட்டத்திலும் சத்தத்தை நிறுத்திய டிவியைப் பார்ப்பதுபோல உட்கார்ந்திருந்தான். மொழிபெயர்க்க ஓர் ஆள் வேண்டுமென்று கெஞ்சியபோது, "ஓடறவனுக்கு இன்னாத்துக்குப் பேச்சு?" என்று விரட்டியவர் இதே கண்ணாயிரம். இன்று அவருடைய பொய்க் காதுக்கு ஆள் தேடி வந்துவிட்டது.

"போட்டி போடறவங்களை உறுப்பினர்கள் கேள்வி கேக்கலாம். என் முன்னாடி சொல்ற பதில் கோர்ட்டுக்குப் போகும்" என்றார் சாராள்.

முதலில் எழுந்தவன் ஆல்வின். நேராகக் கண்ணாயிரத்தின் முன்னால் வந்து நின்றான். அவன் விரல்கள் காற்றில் பறந்தன. சிநேகா கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தாள்.

ரமேஷுக்கு வேர்த்தது. "இன்னாமா, சும்மா நிக்கிற? அவன் இன்னா கேக்குறான்னு சொல்லு!"

"ரெண்டு பேருமே காது கேக்காதவங்க. அவங்களே பேசிப்பாங்க, நடுவுல நான் எதுக்கு?"

கண்ணாயிரத்துக்குச் சைகையில் ஓர் எழுத்துகூடத் தெரியாது. காது கேட்காத நம் கட்சியில் சேர்ந்துவிட்டார் என்று பையன் பாராட்டுகிறான்போல என்று நினைத்துக்கொண்டார். பல்லெல்லாம் தெரியச் சிரித்துத் தலையாட்டினார். ஆல்வின் மறுபடி கையை அசைத்தான். மறுபடி தலையாட்டினார். மூன்றாம் தடவை இன்னும் பலமாக ஆட்டினார். ஆல்வின் கையை நீட்டினான். அவர் பிடித்துக் குலுக்கினார்.

ரமேஷ் நிம்மதியாக மூச்சுவிட்டான்.

"என்னம்மா பேசிக்கிட்டாங்க?" என்று பேனாவைத் திறந்தார் சாராள்.

சிநேகா சொன்னாள்: "'உங்களுக்கு நல்லாவே காது கேக்கும்தானே? ஜெனிட்டா பேரை அடிச்சது நீங்கதானே? இன்னியோட விலகிக்கிறீங்களா?'ன்னு கேட்டாரு மேடம். மூணுக்கும் ஆமான்னு தலையாட்டி, கையும் குடுத்துட்டாரு."