பொன்மொழியரும் மூன்று செங்கல்லும்

பொன்மொழியர் என்று ஓர் இனம் உண்டு. உங்கள் தெருவிலும் ஒருவர் இருப்பார். இல்லை என்றால் நீங்கள் நேற்றுத்தான் குடிவந்திருக்க வேண்டும். உலகத்தில் இதுவரை பிறந்த அறிஞர்கள் அத்தனை பேரும் பட்டினி கிடந்து, சிறைக்குப் போய், தாடி வளர்த்து, எதையாவது சொல்லிவைத்துவிட்டுச் செத்துப்போனதெல்லாம், தாம் அதை எடுத்து அடுத்தவர் தலையில் போடுவதற்காகத்தான் என்பது இவருடைய திடமான நம்பிக்கை. விடிவதற்குள் உங்கள் கைப்பேசி சிணுங்கினால் அது அவர்தான். ஒரு சூரியோதயம், அதன் கீழே ஒரு தாமரை, தாமரைக்கும் கீழே 'துன்பமே உன் ஆசான்'. பல் தேய்ப்பதற்குள் ஆசான் எதற்கு?

உங்கள் கஷ்டத்தை இவர் முழுதாகக் கேட்க மாட்டார். பாதியிலேயே கண் மூடிக்கொள்ளும். ஆள்காட்டி விரல் தானாக எழும். "ஒரு கிரேக்க ஞானி என்ன சொன்னார் தெரியுமோ?" என்று ஆரம்பிப்பார். எந்த ஞானி என்று கேட்டுவிடாதீர்கள். கேட்டால் அவர் சீனாக்காரர் ஆகிவிடுவார்.

திருவனந்தபுரத்துக் கரமனையில், அக்ரகாரத் தெருவில் வசிக்கும் நீலகண்டன் இந்த இனத்தில் உயர்ந்த ரகம். பக்கத்து வீட்டுக் கைலாஷ் ஸ்கூட்டரிலிருந்து விழுந்து, காலில் மாவுக்கட்டோடு படுத்திருந்தபோது முதல் ஆளாகப் பார்க்க வந்தவர் இவர்தான். கையில் ஒரு பழம் கிடையாது. விரல் மட்டும் எழுந்தது.

"கைலாஷ், கால் நிக்கறச்சேதான் மனசு நடக்க ஆரம்பிக்கும், கேட்டயா."

"சரி மாமா. அந்த ஜன்னலைக் கொஞ்சம் சாத்தறேளா? சாரல் கட்டிலெல்லாம் அடிக்கறது. என்னால எழுந்துக்க ஒக்கலை."

"சாரலும் ஒரு குருவாக்கும்" என்று சொல்லிவிட்டு நீலகண்டன் போய்விட்டார். ஜன்னல் திறந்தே கிடந்தது.

ஒரு ஜன்னல்தானே, போகட்டும் என்கிறீர்களா? பொறுங்கள்.

ஆற்றுக்கால் பகவதிக்குப் பெண்கள் தெருவில் பானை வைத்துப் பொங்கும் பொங்காலைக்கு நாலு நாள் முன்பே நகரத்துச் சாலையோரமெல்லாம் செங்கல் முளைத்துவிடும். மூன்று கல்லை வைத்து மேலே சாக்பீஸால் பெயர் எழுதிவிட்டால் அந்த இடம் உங்களுடையது. பத்திரம் வேண்டாம், சாட்சி வேண்டாம். குழாயடியில் குடுமிப்பிடிச் சண்டை போடுகிறவள்கூடப் பெயர் எழுதிய கல்லைத் தொட மாட்டாள்.

நீலகண்டனின் மனைவி விஜயம், போன வருஷப் பொங்காலையின்போது ஆஸ்பத்திரியில் ஆபரேஷனுக்காகப் படுத்திருந்தாள். பிழைத்து எழுந்தால் அடுத்த பொங்காலைக்குக் கோயில் பக்கத்திலேயே பானை வைப்பதாக வேண்டிக்கொண்டாள். எழுந்தும்விட்டாள். ஆனால் வெயிலில் நிற்கக்கூடாது என்று டாக்டரின் கண்டிப்பு. கோயிலை ஒட்டிய மணக்காட்டில் ஒரு பூட்டிய கடைக்கு முன்னால் பெரிய வாகை மரம் நிற்கிறது. அந்த நிழல் கிடைத்தால் வேண்டுதல் நிறைவேறும், இல்லாவிட்டால் இல்லை.

"ஏன்னா, அந்த மரத்தடியில மூணு கல்லை வெச்சு, 'விஜயம், கரமனை'ன்னு எழுதிட்டு வாங்கோ. வேற ஒண்ணும் எழுதப்படாது, கேட்டேளா."

போனார். கல்லை வைத்தார். சாக்பீஸை எடுத்தார். இப்போது நீங்களே சொல்லுங்கள்: வெறுமையாக மூன்று செங்கல், போகிறவர் வருகிறவர் எல்லாரும் பார்க்கப்போகிற செங்கல், கையில் உடையாத புதுச் சாக்பீஸ், தடுப்பதற்குப் பக்கத்தில் யாரும் இல்லை, இந்த நிலையில் ஒரு பொன்மொழியர் மனைவியின் பெயரை எழுதிவிட்டு வீடு திரும்புவாரா? பூனையைப் பாலுக்குக் காவல் வைத்த கதைதான். முதல் கல்லில் 'இடம் என்பது' என்று எழுதினார். இரண்டாவதில் 'மண்ணில் இல்லை'. மூன்றாவதில் 'மனத்தில் இருக்கிறது'. மலையாளிகளும் கடைத்தேறட்டும் என்று பக்கவாட்டில் அதையே மலையாளத்திலும் எழுதினார். பெயர் எழுதக் கல்லில் இடம் மிஞ்சவில்லை. பெயர் என்பதே அகங்காரம்தானே என்று தேற்றிக்கொண்டு, அதைப் படம் எடுத்து, தெரிந்த குழுக்களுக்கெல்லாம் அனுப்பிவைத்தார். விஜயம் மட்டும் பார்க்கவில்லை. கணவர் அனுப்புவதைத் திறந்து பார்க்கும் வழக்கத்தை அவள் எப்போதோ விட்டுவிட்டாள்.

பொங்காலையன்று விடிந்ததும் இருவரும் பானை, அரிசி, வெல்லம், காய்ந்த ஓலை எல்லாம் சுமந்துகொண்டு மரத்தடிக்குப் போனார்கள். அங்கே அந்த மூன்று கல்லின் மேல் ஒரு பானை உட்கார்ந்திருந்தது. பானைக்குப் பின்னால் நாகர்கோவிலிலிருந்து வந்த தாசம்மாள் உட்கார்ந்திருந்தாள்.

"இது எங்க இடமாக்கும்" என்றாள் விஜயம்.

"உங்க பேரு எங்க இருக்கு? பேரு எழுதின கல்லை நான் ஒண்ணும் தொடல்ல. இதுல இடம் மண்ணுல இல்லன்னுல்லா எழுதியிருக்கு. இடம் கெடைக்காத ஆளுக்குன்னு ஏதோ புண்ணியவான் பொதுவா போட்டு வச்சிருக்காருன்னு நெனச்சேன். அவரு நல்லா இருக்கணும்னு கும்பிட்டுட்டுதான் பானைய வச்சேன்."

விஜயம் மெல்லத் திரும்பிப் புண்ணியவானைப் பார்த்தாள். கண்ணில் நீர் முட்டிவிட்டது. ஒரு வருஷமாக அவள் உயிரைப் பிடித்துவைத்திருந்தது இந்த ஒரு நாள். இதைக் கேள்விப்பட்டபோது எனக்கு அந்த மனிதரின் விரலை ஒடிக்கலாம் போலிருந்தது. விரலோ பழக்கதோஷத்தில் மெல்ல எழுந்துகொண்டிருந்தது.

"விஜயம், ஒரு கிரேக்க..."

"அந்தக் கிரேக்கர் வந்து எனக்குக் கொடை பிடிப்பாரா?"

வேண்டுதலையும் டாக்டர் சொன்னதையும் விஜயம் அழுகைக்கு நடுவே சொல்ல, தாசம்மாளுக்கு விஷயம் புரிந்தது. "ஆபரேஷன் செஞ்ச ஒடம்பா? அழாதீயம்மா. என் பானைய அந்தால நகத்துனா ரெண்டு அடுப்புக்கு நெழலு உண்டு. கல்லுக்கு மட்டும் வழி பாருங்க" என்றாள்.

கல்லுக்கு எங்கே போவது? கண்ணுக்கு எட்டிய ஒவ்வொரு கல்லின்மேலும் யாரோ ஒருத்தியின் பெயரும் ஒரு பானையும் இருந்தன. நீலகண்டன் கைலாஷைப் போனில் கூப்பிட்டார். கைலாஷுக்கு இப்போது கால் சரியாகிவிட்டது.

"கைலாஷ், உடனே மூணு செங்கல் வேணும்டா."

"என்னத்துக்கு மாமா? அடுப்பும் மனசுலதானே இருக்கும்? போட்டோ நீங்கதானே அனுப்பினேள்?"

போனை வைத்தார். வண்டி எதுவும் ஓடாத நாள். நடந்தே கரமனைக்குப் போய், தம் வீட்டுத் துளசி மாடத்துப் படியைப் பெயர்த்து, மூன்று கல்லையும் துண்டில் கட்டித் தலையில் வைத்துக்கொண்டு, பெண்கள் வெள்ளத்தில் "வழி விடுங்கோ" என்ற ஒரே வாசகத்தை மட்டும் சொல்லிக்கொண்டு வந்து சேர்ந்தார். கோயில் அடுப்பில் முதலில் மூட்டிய தீ அடுப்புக்கு அடுப்பு கைமாறி அடுத்த தெருமுனைக்கு வந்துவிட்டிருந்தது. கல்லை வைத்தார். சாக்பீஸைத் தேடவில்லை. தாசம்மாள் தன் அடுப்பிலிருந்து எரியும் ஓலையை நீட்ட, விஜயத்தின் பானை நிழலில் பொங்கியது. பெண்களின் குலவைச் சத்தத்துக்கு நடுவே அவள் அழுதாள், சிரித்தாள். வெயிலில் நின்றவர் அவர்தான்.

மனிதர் திருந்திவிட்டார் என்றுதானே நினைக்கிறீர்கள்? நானும் நினைத்தேன். அன்று சாயங்காலம் கைப்பேசி சிணுங்கியது. சூரியாஸ்தமனம், ஒரு பானை, பானைக்குக் கீழே: 'கல் சுமந்தவனே அடுப்பின் அருமை அறிவான். ஒரு ஜப்பானியத் துறவி.'

அடடா, இது நன்றாக இருக்கிறதே, யாருக்காவது அனுப்பலாமே என்று உங்களுக்குத் தோன்றியதா? தாராளமாக அனுப்புங்கள். அதற்கு முன் பக்கத்து வீட்டு ஜன்னலைச் சாத்திவிட்டு வந்துவிடுங்கள்.