புவனேஸ்வரன் கணினியைச் சுத்தம் செய்தார்

ரகசியக்காரர் என்றோர் இனம் நம்மிடையே நடமாடுகிறது, நீங்களும் பார்த்திருப்பீர்கள். பணம் எடுக்கும் இயந்திரத்தின் முன் முதுகை வளைத்து, தோளை விரித்து, இரண்டு கையாலும் எண்பலகையைப் பொத்திக்கொண்டு நிற்பார். வெளியே வந்ததும், ரகசிய எண் மறந்துவிடுமோ என்ற பயத்தில் அதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே கார் வரை நடப்பார். சாப்பாட்டுக் கடையில் "இது நமக்குள்ளேயே இருக்கட்டும்" என்று ஆரம்பிப்பார். ரொட்டி போடுகிறவர் கையை நிறுத்திவிட்டுக் கேட்கிற அளவுக்குக் குரல் இருக்கும். உலகமே தன்னை ஒட்டுக்கேட்கிறது என்பது அவர் நம்பிக்கை. உலகத்துக்கு வேறு வேலை இல்லையா? அதை மட்டும் அவரிடம் கேட்டுவிடாதீர்கள்.

சுங்கை லாலாங் ஊரில் இந்த இனத்துக்குத் தலைவர் புவனேஸ்வரன். பக்கத்து ஊரான குருணில் ஒரு தொழிற்சாலையில் மேற்பார்வையாளராக இருந்து ஓய்வு பெற்றவர். மகள் பிரேமலாவுக்கும் மெர்போக் ஊர்ப் பையன் சசிகுமாருக்கும் கல்யாணப் பேச்சு தொடங்கியபோது, பையனின் அப்பா காளிமுத்துவிடம் அவர் முதலில் பேசியது ஜாதகத்தைப் பற்றி அல்ல. ஒரு செயலியைப் பற்றி.

"எண்ட்-டு-எண்ட் என்க்ரிப்ஷன் லா, சம்பந்தி! நீங்க அந்த முனையில பூட்டி அனுப்புவீங்க, நான் இந்த முனையில திறந்து படிப்பேன். நடுவுல ஒருத்தனும் பார்க்க முடியாது."

"நடுவுல யாரு இருக்கா, சம்பந்தி?" என்றார் காளிமுத்து அப்பாவியாக.

"அதான் தெரியாதே!"

கைப்பேசி சட்டைப்பையில் இருந்தபடியே ஒட்டுக்கேட்கும் என்பதால், அந்தச் செயலியைப் புவனேஸ்வரன் வீட்டு மேசைக் கணினியில் மட்டுமே வைத்திருந்தார். செய்தி வந்தால் கதவைச் சாத்துவார், ஜன்னல் திரையை இழுத்துவிடுவார், பிறகு அடுப்படியில் இருக்கும் மனைவி தேவகிக்குக் கேட்கும்படி அதை உரக்கப் படிப்பார். பக்கத்து வீட்டு அழகம்மா அந்த நேரத்தில் மட்டும் தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைத்துவிடுவார்.

நிச்சயதார்த்தத் தேதியைச் சரஸ்வதி பூஜையன்று அனுப்புவதாகக் காளிமுத்து சொல்லியிருந்தார். விளக்கு வைப்பதற்குள் சம்மதம் சொல்லிவிட வேண்டும். மண்டபக்காரர் அதற்கு மேல் காத்திருக்க மாட்டார்.

பூஜை நாளில் தெருவே ஆயுதங்களைத் துடைத்துக்கொண்டிருந்தது. சிலர் காரைக் கழுவினார்கள், சிலர் தையல் இயந்திரத்துக்கு எண்ணெய் விட்டார்கள். புவனேஸ்வரன் கணினியைச் சுத்தம் செய்தார். வெளியே துடைத்ததோடு விட்டிருக்கலாம். விடுவாரா? உள்ளேயும் இறங்கினார். தான் வைக்காத கோப்பு எதுவும் தன் கணினியில் இருக்கக் கூடாது என்பது அவர் சட்டம். அப்படித்தான் அந்தச் செயலியின் வயிற்றுக்குள் ஒரு நூலகக் கோப்பு அகப்பட்டது. நூலகக் கோப்பு என்றால் பெரிய மாயம் ஒன்றுமில்லை. செயலி தன்னால் ஆகாத வேலைக்குக் கூடவே வைத்துக்கொள்ளும் கையாள். இந்தக் கையாளுக்குச் செய்திகளைப் பூட்டுவதும் திறப்பதும்தான் வேலை. பெயரிலேயே எண்ட்-டு-எண்ட் என்று இருந்தது.

"தேவகி! ரெண்டு முனையும் இவனுக்குத் தெரிஞ்சிருக்கு. அப்ப இவன் யாரு? நடுவுல நிக்கிறவன்! பிடிச்சிட்டேன்!"

நிச்சயமாக அழிக்கலாமா என்று கணினி கேட்டது. பிடிபட்டவன் கெஞ்சுகிறான் என்று நினைத்தவர் அழித்தார், குப்பைத்தொட்டியையும் காலி செய்தார், திரைக்குக் குங்குமம் வைத்துக் கற்பூரம் காட்டினார். அவ்வளவு நிம்மதி!

மாலையில் செயலி திறக்கவில்லை. கோப்பைக் காணோம் என்று ஒரு பெட்டி மட்டும் வந்து நின்றது.

"அப்பா, பூட்டே அதுதான்! பூட்டைக் கழட்டித் தூக்கிப் போட்டுட்டீங்களே," என்று பிரேமலா தலையில் கைவைத்தாள். "நகருங்க, செயலியையே மறுபடி இறக்கிடலாம்."

"கச்சாவ் பண்ணாதே, குறுக்கே வராதே. எனக்குத் தெரியும்."

தெரிந்தவர் என்ன செய்தார்? கோப்பின் பெயரைத் தட்டித் தேடினார். பச்சைப் பொத்தான் மின்னும் ஏதோ ஒரு தளம் அந்தக் கோப்பை இலவசமாகத் தருவதாகச் சொன்னது. செயலியைச் செய்தவனே கூடவே வைத்து அனுப்பிய கோப்பை நம்பாத மனிதர், ஊர் பேர் தெரியாதவன் நீட்டியதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

"யாருப்பா இவன்?"

"நூறு சதவீதம் பாதுகாப்புன்னு போட்டிருக்கான் லா!"

கணினி ஒருமுறை இருமியது. பிறகு திரை முழுக்கத் தங்கக்காசு கொட்டியது, ஒரு பெண் கண்ணடித்தாள், மேளம் முழங்கியது, குங்குமம் அதிர்ந்து உதிர்ந்தது. அதோடு நின்றதா? கணினியில் முகவரி இருந்த அத்தனை பேருக்கும், கோயில் தலைவர் முதல் காளிமுத்து வரை, ஒரு மின்னஞ்சல் பறந்தது: "நான் காசு குவிக்கிறேன், நீங்களும் ஆட வாருங்கள். இப்படிக்கு, புவனேஸ்வரன்."

கைப்பேசி அலறியது. காளிமுத்துதான்.

"பூஜை நாளும் அதுவுமா சூதாடக் கூப்பிடுறீங்க. தேதி அனுப்பினேன், பதிலும் இல்ல. சூதாடுற வீட்டுல பொண்ணு எடுக்கிற பழக்கம் எங்களுக்கு இல்லீங்க."

பிரேமலா சுவரோடு ஒட்டி நின்றாள். அவள் கண்கள் நிறைந்ததைப் புவனேஸ்வரன் பார்த்தார். வீட்டுக்குள் குரல் விட்டுவிட்டுக் கேட்டது. கைப்பேசியோடு வாசல் கதவுக்கு ஓடினார், போனில் தன் பெயரைச் சொல்லக்கூடத் தயங்குகிற அந்த மனிதர்.

"சம்பந்தி, வச்சிடாதீங்க! நான் சூதாடல! பூட்டுற ஃபைலைத் திருடன்னு நினைச்சு நானே அழிச்சிட்டேன்! நான் ஒரு மடையன்! எம்பொண்ணுக்கு உங்க பையன்னா உசிரு! எந்தத் தேதியா இருந்தாலும் சம்மதம்!"

தெருவே வாசலுக்கு வந்துவிட்டது. வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து அழகம்மா எம்பி, கைப்பேசியை நோக்கிக் கத்தினார்: "அண்ணே, அவர் சொல்றது நிஜம்! காலையில நடுவுல நிக்கிறவனைப் பிடிச்சேன்னு கத்தினது தெருவுக்கே கேட்டுச்சு!"

மறுமுனையில் காளிமுத்து சிரிக்கத் தொடங்கினார்; நிறுத்த முடியாமல் சிரித்தார்.

"இந்த மாசக் கடைசி ஞாயிறு, சம்பந்தி. ஆனா இனிமே போன்லயே பேசுங்க. உங்களுக்குப் போன்கூடத் தேவையில்ல, வாசல்ல நின்னு பேசினாலே மெர்போக் வரைக்கும் கேட்கும்."

புவனேஸ்வரன் தேதியை உரக்கத் திரும்பச் சொல்ல, தெரு கைதட்டியது. பிரேமலா முகத்தைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

புவனேஸ்வரன் திருந்திவிட்டார் என்றா நினைக்கிறீர்கள்? மறுநாள் வீடு வீடாகப் போய், நிச்சயதார்த்தம் ரகசியம், யாரிடமும் சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்.

சிரித்தது போதும். இப்போது உங்கள் விஷயத்துக்கு வருவோம். இதைப் படிக்கத் தொடங்குமுன், தோளுக்குப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று ஒருமுறை திரும்பிப் பார்த்தீர்கள், இல்லையா? பரவாயில்லை, யாரிடமும் சொல்ல மாட்டேன்.