சைகோன்காரர் வெட்டச் சொன்ன குழி

உலக யுத்தம் முடிந்துவிட்டதை நம்பாத ஒரே மனிதர் பாகூரில்தான் இருந்தார். ஊர் அவரைச் சைகோன்காரர் என்றது. பிரெஞ்சுக்காரன் கொடியை இறக்கிக்கொண்டு போன மறு வருஷம், மண்வெட்டியோடு பிழைப்புத் தேடிப் போன எனக்கு அவர்தான் வேலை கொடுத்தார். தோட்டத்தில் பதுங்குகுழி வெட்ட வேண்டும்.

யுத்தத்தின்போது சைகோன் மார்க்கெட்டில் காவல்காரராக இருந்தவர். குண்டு விழப்போகிறதென்று சங்கு ஊதினால் குழியில் இறங்கிவிட வேண்டும், அவருக்குத் தெரிந்த சட்டம் அவ்வளவுதான். பாகூரில் நெல் மில் சங்கு தினமும் பகல் பன்னிரண்டுக்கு ஊதும். சோற்றுத் தட்டோடு இறங்குவார். ஏரிப் பாசன ஊர், கொஞ்சம் வெட்டினாலே தண்ணீர் ஊறும். முழங்கால் தண்ணீரில் நின்று, தவளைகளை விரட்டிக்கொண்டே சாப்பிடுவார்.

"வெள்ளக்காரனே மூட்ட கட்டிட்டான். இனிமே எவன் வந்து குண்டு போடப்போறான்?" என்றேன்.

"சைகோன்லயும் இத்தாம்பா சொன்னானுங்க. நீ வெட்டு."

மகள் செல்லத்துக்கு வந்த இரண்டு வரன் குழியைப் பார்த்தே திரும்பிப் போயிருந்தது. மூன்றாவதாகக் காட்டேரிக்குப்பத்துக்காரர்கள் வந்தார்கள். குழியை ஓலை போட்டு மூடினேன்.

"இன்னிக்கி மட்டும் சங்கு ஊதுனா கம்முனு குந்தினு இரு நைனா" என்று செல்லம் கெஞ்சினாள். தலையாட்டினார்.

சங்கு ஊதியது. மாப்பிள்ளையையும் அவன் அம்மாவையும் கையைப் பிடித்து இழுத்துப்போய், ஓலையைத் தள்ளிவிட்டுக் குழியில் இறக்கிவிட்டார். அந்த அம்மாவின் பட்டுப்புடவை தண்ணீரில் மிதந்தது. பிறகுதான் திரும்பிப் பார்த்தார். மகளைக் காணோம்.

"சோறு குழையுது நைனா, வடிச்சிட்டு வரேன்" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

மனிதர் முகம் வெளுத்துவிட்டது. சேற்றில் வழுக்கி வழுக்கி மேலேறி ஓடினார். கையில் கரண்டியோடு இருந்த மகளை அப்படியே தூக்கிவந்து குழியில் இறக்கி, அவள் தலைமேல் தன் கையைக் கவிழ்த்துக்கொண்டார்.

சங்கு நின்றது. "எங்கம்மா சைகோன்ல இப்பிடித்தான் சோறு வடிக்க நின்னுது. குண்டு வுழுந்துடுச்சு" என்றாள் செல்லம் மெதுவாக.

மாப்பிள்ளையின் அம்மா முந்தானையைப் பிழிந்துகொண்டே சொன்னாள்.

"எங்க ஊரு மேட்டு நெலம். தண்ணி ஊறாது. பொண்ணு வரட்டும், குழி நாங்க வெட்டிக்கிறோம்."

காட்டேரிக்குப்பத்துக் குழியையும் நான்தான் வெட்டினேன். புருஷன் பெண்சாதி இரண்டு பேருக்குப் போதும் என்றார்கள். மகளைப் பார்க்க என்றைக்காவது அவர் வருவாரே என்று, இன்னும் ஒரு ஆள் உட்கார இடம் விட்டு வெட்டினேன்.