டாம்பர் போட்ட லோரியும் தேறாத கையும்

நொச்சித் தழையை அம்மியில் வைத்து அரைத்துக்கொண்டிருந்தாள் நல்லம்மாள். புருஷன் சபாபதியின் மணிக்கட்டுக்குப் பற்றுப் போட. கிள்ளான் பக்கத்துத் தோட்டத்தில் கித்தா என்கிற ரப்பர் பால் ஏற்றும் லோரி ஓட்டுகிறவன் அவன். காட்டுப் பாதையில் கல்லும் வேரும் இடிக்க இடிக்க ஸ்டியரிங் பேய் பிடித்தது போல ஆடுமாம். அதைப் பிடித்துப் பிடித்தே கை விளங்காமல் போயிற்றாம். அவன் வேலை விட்டு வந்ததும் சோறு பிசைந்து ஊட்ட வேண்டும். முதுகு தேய்க்க வேண்டும். தொட்டிலில் ஒரு பிள்ளை, பாயில் ஒரு பிள்ளை. அவள் சாப்பிட உட்காரும்போது சோறு ஆறி விறைத்திருக்கும்.

"இந்தக் கை இனி தேறுமா, புள்ள?" என்று அவன் முனகினால் அவள் இன்னொரு பற்றுக்குத் தழை பறிக்கப் போவாள்.

அன்று ஆயுத பூஜை. லோரிக்குச் சந்தனம் வைக்கப் பிள்ளையை இடுக்கிக்கொண்டு போனாள். முன்சக்கரத்தடியில் குனிந்தால், புதுச் சாமான் ஒன்று பளபளத்தது. பக்கத்து லோரி டிரைவர் சின்னையாவிடம் கூச்சத்தோடு கேட்டாள்.

"ஸ்டியரிங் டாம்பர், தங்கச்சி. சக்கரம் எதில இடிச்சாலும் உதறல் கைக்கு வராம இது வாங்கிக்கும். இப்ப ஒத்தக் கையிலயே ஓட்டலாம்லா."

"எப்பண்ணே போட்டது?"

"ஆடி மாசமே போட்டாச்சே."

நல்லம்மாள் மாசத்தை எண்ணிப் பார்த்தாள். இது புரட்டாசி. ஊட்டிய கவளமெல்லாம் கண்முன்னே வரிசையாக வந்து நின்றன. மிச்சச் சந்தனத்தையும் வைத்து முடித்தாள்.

பூஜை முடிந்து சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்தார்கள். லோரியை ஏற்றி முதல் பழத்தை நசுக்குகிறவனுக்குத்தான் தோட்டத்துத் துரை கொடுக்கும் வேட்டி. வருஷா வருஷம் அது சபாபதிக்கே. மீசையைத் தடவிக்கொண்டு வந்தான். நல்லம்மாள் தரையைப் பார்த்தபடியே, ஆனால் எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னாள்.

"அவங்களுக்குக் கை வெளங்கல, சின்னையாண்ணே. சோறே நான்தான் ஊட்டுறேன். இந்த வருஷம் அவங்க லோரிய நீங்களே எடுங்க."

கூட்டமே திரும்பிப் பார்த்தது. சின்னையா சரியென்று லோரிப் படியில் கால் வைத்தான். சபாபதியின் முகம் வெளிறியது.

"யாரு சொன்னது? கை எப்பவோ சரியாப் போச்சு" என்று இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கி ஆட்டினான்.

"நெசமாவாங்க?"

"நெசமாத்தான் புள்ள. மூட்டை தூக்கிக் காட்டவா?"

வேண்டாம் என்றாள். பழம் நசுங்கியது. வேட்டியும் வந்தது. அதை ஏந்திக்கொண்டு நின்றவனின் கையில், வேட்டிக்கு மேலேயே பிள்ளையை வைத்துவிட்டுப் பந்தியில் போய் உட்கார்ந்தாள். சோற்றில் ஆவி பறந்தது. முதல் கவளத்தை உருட்டும்போது பின்னாலிருந்து குரல் வந்தது.

"புள்ள, இங்க வாயேன், இவன் புது வேட்டியிலயே…"