கண்ணாடிக்காரர் படிக்காத வரி

"இதைச் சரி பண்ண ஆளே இல்லையா?" என்று பெருமூச்சு விட்டபடி மனைவி தன் பழைய போனைச் சாப்பாட்டு மேசையில் வைத்தாள். ஊருக்கெல்லாம் பொடி எழுத்துப் படிக்க மூக்குக்கண்ணாடி விற்கிற கணவருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்துவிட்டது.

"நான் ஒருத்தன் குத்துக்கல்லாட்டம் இருக்கேன்ல?"

போன் கம்பெனிச் சின்னத்தைக் காட்டும், அணையும், மறுபடி காட்டும். அதற்கு மேல் நகராது. உள்ளே மகளின் மழலைக் குரல் மாட்டிக்கொண்டிருந்தது. "அம்மா, அப்பா மிச்சிய ஒடச்சித்தாரு!" என்று குழந்தையாக இருந்தபோது மிக்சி உடைந்த கதையைக் கோள் சொன்ன குரல். இப்போது எதைக் கேட்டாலும் "ம்" என்கிறாள். அந்தக் குரலை மீட்க அவர் மலையையே புரட்டத் தயார்.

"போனை ஓட்டுற ஃபர்ம்வேர் போயிடுச்சு. கம்ப்யூட்டர்ல இருந்து புது ரோம் ஏத்தணும்."

"ரோமமா? முதல்ல உங்க தலையில ஏத்துங்க."

வழுக்கையைத் தடவிக்கொண்டே அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார். முதல் ஒயர் சார்ஜ் ஏற்ற மட்டும்தான் உதவியது. கம்ப்யூட்டர் போனைக் கண்டுகொள்ளவே இல்லை. ஒயரை மாற்றினார். விரல் மரத்துப்போகிற வரை இரண்டு பட்டன்களையும் சேர்த்து அழுத்தினார். கம்ப்யூட்டர் பொடி எழுத்தில் ஏதோ கேட்டது. ஓகே என்றார். மறுபடி கேட்டது. அதற்கும் ஓகே.

போன் பாட்டுப் பாடிக்கொண்டு விழித்தது! அவரும் விசிலடித்தார்.

'மொழியைத் தேர்ந்தெடுக்கவும்' என்றது போன். உள்ளே துடைத்துவைத்தாற்போல் காலி. அப்போதுதான் கண்ணாடியை மாட்டிக்கொண்டு கம்ப்யூட்டரைப் பார்த்தார். 'எல்லாத் தகவல்களும் அழிக்கப்படும்.'

போனை அணைத்துவிட்டு, தொங்கிய முகத்தோடு வெளியே வந்தார்.

"பிழைக்கலைம்மா. செங்கல்லாயிடுச்சு."

"அப்போ உள்ளே விசிலடிச்சது செங்கல்லா?"

அவ்வளவுதான், உடைந்துபோனார். "எல்லாம் அழிஞ்சுபோச்சு. பாப்பா குரலும் போச்சு. நான்தான் பாவி."

மனைவி தன் புதுப் போனைத் தட்டினாள்.

"அம்மா, அப்பா மிச்சிய ஒடச்சித்தாரு!"

கண்ணாடிக்காரருக்குக் கண்ணாடியே நனைந்துவிட்டது. மனைவியின் இரண்டு கைகளையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். தாலி கட்டியதிலிருந்து இத்தனை நன்றியோடு அவளைப் பார்த்ததில்லை.

"நீ மனுஷியே இல்லை, தெய்வம்! எப்போ எடுத்து வச்சே?"

"போன் மக்கர் பண்ண ஆரம்பிச்சப்பவே."

"அப்புறம் எதுக்கு என்கிட்ட கொடுத்தே?"

"தங்கச்சிக்குக் கொடுக்கணும், உள்ளே இருக்கிறதெல்லாம் அழியணும். அழிச்சுக் கொடுங்கன்னா நாள் கடத்துவீங்க, சரி பண்ணுங்கன்னா உடனே அழிச்சிடுவீங்களே!"